கையெழுத்துக்கும் கைத்திறனுக்கும் நடுவே: ஓர் அழகுசாதனத் தொழிற்சாலையில் பயிற்சி கொடுத்துக் கற்றவை

கிருமிகளை வளரவைக்கும் வெதுவெதுப்பான பெட்டியாகிய இன்குபேட்டரிலிருந்து அந்தச் சோதனைத் தட்டை வெளியே எடுத்தபோது அதன் மேல் பச்சை படர்ந்திருந்தது. புற ஊதா விளக்கின் கீழ் வைத்ததும் ஒளிர்ந்தது. சூடோமோனாஸ் ஏருஜினோசா என்ற பாக்டீரியாதான் அது என்று உறுதிசெய்ய மேலும் சில சோதனைகள் தேவைப்பட்டன என்றாலும், பல ஆண்டுகளாக இத்தகைய தட்டுகளைப் பார்த்துவந்த எனக்கு அன்று காலையிலேயே விடை தெரிந்துவிட்டது. உடலில் பூசும் லோஷன் ஒரு முழு பேட்ச் அந்தத் தட்டோடு போயிற்று. அழகுசாதனப் பொருள்களுக்கான நுண்ணுயிர் வரம்புகளை வகுக்கும் பன்னாட்டுத் தரநிலையான ஐ.எஸ்.ஓ. 17516-இன்படி, பொதுவான பொருளில் ஒரு கிராமுக்கு 1,000 உயிரிகள் வரையிலும், மூன்று வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கும் கண்ணைச் சுற்றிப் பூசுவதற்குமான பொருளில் 100 வரையிலும் இருக்கலாம். ஆனால் சூடோமோனாஸ் ஏருஜினோசா, ஸ்டஃபிலோகாக்கஸ் ஆரியஸ், ஈ கோலை, கேண்டிடா அல்பிகன்ஸ் ஆகிய நான்கில் ஒன்றுகூடத் தென்படக் கூடாது. புண்பட்ட தோலிலும் கண்ணிலும் சூடோமோனாஸ் நுழைந்தால் என்ன செய்யும் என்பதை அறிந்தவர்களுக்கு இந்த வரம்பில் விட்டுக்கொடுக்க எதுவும் இல்லை.

காரணத்தைத் தேடிக் கலவைப் பிரிவுக்குப் போனோம். கலவைக் கலனிலிருந்து சேமிப்புக் கலனுக்கு லோஷனைக் கொண்டுசெல்லும் ஹோஸ் குழாய், கழுவப்பட்டு, வட்டமாகச் சுருட்டப்பட்டு, சுவரோரம் அழகாக வைக்கப்பட்டிருந்தது. அதன் ஒரு முனையைத் தூக்கி மறு முனையைச் சாய்த்தேன். ஒரு டம்ளர் அளவுக்குத் தண்ணீர் வழிந்தது. அந்தப் பாக்டீரியாவுக்கு அவ்வளவு தண்ணீரே அதிகம். சத்து ஏதுமற்ற சுத்திகரித்த நீரில்கூட அது பெருகும். குழாயின் உட்சுவரில் வழவழப்பான படலமாக ஒட்டிக்கொண்டு, அந்தப் படலத்துக்குள் பதுங்கிக் கிருமிநாசினியையும் தாக்குப்பிடிக்கும்.

குழாயைக் கழுவியவர் அனுபவமுள்ள ஆபரேட்டர், சோம்பல் என்பதே அறியாதவர். என்ன செய்தீர்கள் என்று கேட்டேன். நன்றாகக் கழுவியதாகவும், பிறகு ஆல்கஹால் ஊற்றி உடனே வடித்துவிட்டுச் சுருட்டி வைத்ததாகவும் சொன்னார். எந்த ஆல்கஹால் என்றேன். கிடங்கில் 70 சதவீத ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் ஒரு பீப்பாயும், கிட்டத்தட்டத் தூயதாகிய 99 சதவீத ஆல்கஹால் ஒரு பீப்பாயும் இருந்தன. "தொண்ணூத்தொம்பதுதான் மேடம். அதுல சக்தி அதிகம், நல்லாக் கொல்லும்னு எடுத்தேன்" என்றார். அவர் பொய் சொல்லவில்லை. அக்கறையோடு செய்த வேலை அது.

அலுவலகத்துக்குத் திரும்பிப் பயிற்சிப் பதிவேட்டைப் புரட்டினேன். மூன்று மாதங்களுக்கு முன்பு, 'சுத்திகரிப்பும் கிருமிநீக்கமும்' என்ற தலைப்புக்கு நேராக அவருடைய கையெழுத்து இருந்தது. தேர்வில் பத்துக்கு ஒன்பது மதிப்பெண். பயிற்சியாளர் என்ற இடத்தில் என் கையெழுத்து. அந்தப் பக்கத்தை நான் வெகு நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இந்தத் துறையில் எனக்கு 18 ஆண்டுகள் ஆகின்றன. தரக்கட்டுப்பாட்டு ஆய்வகத்தில் தொடங்கி, பின்பு ஊழியர் பயிற்சிப் பொறுப்பும் என்னிடம் வந்தது. புதிய இயந்திரங்களும் புதிய விதிகளும் வந்துகொண்டே இருப்பதால், ஏற்கெனவே செய்யும் வேலையில் திறனைக் கூட்டுவதும், ஒரு வேலையிலிருந்து வேறொரு வேலைக்கு ஆளைத் தயார்செய்வதும் இங்கே ஓயாமல் நடக்க வேண்டியவை. அவற்றைச் செய்துகொண்டிருப்பதாகவே அந்தப் பச்சைத் தட்டைப் பார்க்கும்வரை நான் நம்பியிருந்தேன். நான் செய்திருந்ததெல்லாம் இதுதான்: ஒரு பிற்பகலில் முப்பது பேரை ஓர் அறையில் உட்காரவைத்து, நாற்பதுக்கும் மேற்பட்ட ஸ்லைடுகளைத் திரையில் ஓட்டிக் காட்டி, அவற்றுள் ஒன்றில் '70 சதவீத ஆல்கஹாலைப் பயன்படுத்துக' என்று எழுதிக் கடந்துபோயிருந்தேன். ஏன் எழுபது என்று நானும் சொல்லவில்லை, எவரும் கேட்கவுமில்லை.

சொல்லியிருந்தால் ஒரு நிமிடம் ஆகியிருக்கும். ஆல்கஹால் கிருமியைக் கொல்வது அதன் புரதங்களைச் சிதைப்பதால். அதற்குத் தண்ணீரும் தேவை. தூய ஆல்கஹால் மேற்பரப்பில் உள்ள புரதத்தை மட்டும் சட்டென்று உறையவைத்துவிட்டு, உள்ளே புகுமுன்பே ஆவியாகிவிடும். எழுபதில் இருக்கும் தண்ணீர் ஆவியாவதைத் தாமதப்படுத்தி ஊடுருவ இடம் தருகிறது. அதனால்தான் ஊற்றியவுடன் வடிக்காமல், குறித்த நேரம்வரை மேற்பரப்பு ஈரமாக இருக்கும்படி விட வேண்டும். இந்தக் காரணம் தெரிந்தவருக்கு எந்தப் பீப்பாயை எடுப்பது என்பதையும் எவ்வளவு நேரம் காத்திருப்பது என்பதையும் மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. காரணம் தெரியாதவர் தன் பொது அறிவைக் கொண்டு இடைவெளியை நிரப்பிக்கொள்கிறார். இந்த இடத்தில் பொது அறிவு தவறான பீப்பாயைக் காட்டியது.

இதில் விதிகளின் குறை ஏதுமில்லை. அழகுசாதன உற்பத்தியின் நன்னடைமுறைகளைச் சொல்லும் ஐ.எஸ்.ஓ. 22716 வெளிவந்தது 2007-இல். ஐரோப்பிய ஒன்றியத்தின் 1223/2009 ஒழுங்குவிதி 2013 ஜூலை 11 முதல் முழுமையாக நடைமுறைக்கு வந்தபோது, நன்னடைமுறையின்படி உற்பத்தி செய்வது அங்கே விற்கப்படும் பொருள்களுக்குக் கட்டாயமாயிற்று. அந்தத் தரநிலை பயிற்சி கொடு என்று சொல்வதோடு நிற்கவில்லை; ஊழியரின் அறிவை மதிப்பிட வேண்டும் என்றும் சொல்கிறது. அந்த மதிப்பீட்டைப் பத்துக் கேள்விகளாகவும் ஒரு கையெழுத்தாகவும் சுருக்கிக்கொண்டவர்கள் நாங்கள்தான். தணிக்கைக்கு வருவோர் பதிவேட்டைக் கேட்பார்கள் என்பதால் பதிவேட்டுக்காகவே பயிற்சி நடந்தது.

அதற்குப் பிறகு முதலில் செய்தது, ஆய்வகத்துத் தட்டுகளை உற்பத்திப் பிரிவுக்கு எடுத்துச்சென்றதுதான். ஊட்டக்கூழ் நிரப்பிய தட்டு ஒவ்வொன்றையும் மூன்று பகுதிகளாகப் பிரித்து, கை கழுவுமுன் ஒரு விரலையும், சோப்பால் கழுவியபின் ஒரு விரலையும், கிருமிநாசினி தடவி உலர்ந்தபின் ஒரு விரலையும் அழுத்தச் சொன்னோம். மூடியில் அவரவர் பெயர். இரண்டு நாள் கழித்துத் தட்டுகளைத் திருப்பிக் கொண்டுவந்தபோது, நான் பேச வேண்டிய அவசியமே ஏற்படவில்லை. ஒரு பெண்ணின் தட்டில் கழுவிய விரலின் இடத்தில்தான் கழுவாத விரலைவிட அதிகப் புள்ளிகள் இருந்தன. அவர் முகம் வாடிவிட்டது. உண்மையில் அது அருமையான பாடம்: கழுவும்போது தோலின் ஆழத்தில் உள்ளவை மேலே வருவதும், கழுவிய ஈரக் கையால் குழாயை மூடும்போது மீண்டும் ஒட்டிக்கொள்வதும் நடக்கும். அன்றைக்கே அந்தப் பெண், குழாயைக் கையால் மூட வேண்டியிருப்பது ஏன் என்று கேட்டார். முழங்கையால் தள்ளும் குழாய்கள் அந்தக் கேள்வியிலிருந்துதான் வந்தன.

கலன் கழுவுவதற்கு வேறு வழி கண்டோம். வைட்டமின் பி2 ஆகிய ரைபோஃபிளேவின் புற ஊதா ஒளியில் மஞ்சள் கலந்த பச்சையாக ஒளிரும். அதன் நீர்த்த கரைசலைக் கலனின் உட்புறம் முழுக்கத் தெளித்து, காயவிட்டு, வழக்கமான கழுவும் சுழற்சியை ஓட்டிவிட்டு, விளக்கை அணைத்துப் புற ஊதா டார்ச்சோடு எட்டிப் பார்த்தால், தண்ணீர் எட்டாத இடமெல்லாம் தானே காட்டிக்கொடுக்கும். முதல் முறை இதைச் செய்தபோது கலவைப் பிரிவினர் ஐந்து பேர் கலனின் வாயைச் சுற்றி நின்றிருந்தனர். சுவர்கள் கறுப்பாக, சுத்தமாக இருந்தன. டார்ச்சைத் தாழ்த்தியதும் கலக்கும் தகடுகளின் அடிப்பக்கமும், கலவையை நுண்துளிகளாக்கும் ஹோமோஜெனைசர் தலையின் கீழ் விளிம்பும், மூடியில் கசிவைத் தடுக்கும் வளையமாகிய கேஸ்கெட் பதியும் பள்ளமும் பச்சையாக மின்னின. அந்த ஹோஸ் குழாயைக் கழுவிய ஆபரேட்டர்தான் டார்ச்சைப் பிடித்திருந்தார். "இத்தனை வருஷமா இங்கேயா மேடம் விட்டுட்டிருந்தோம்" என்று மெல்லக் கேட்டார். அதுவரை கேஸ்கெட்டைக் கழற்றிக் கழுவச் சொல்லி எத்தனையோ அறிவிப்புகள் ஒட்டியிருக்கிறோம். அந்த நாளுக்குப் பிறகு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

பயிற்சி என்பது மேலிருந்து கீழே ஊற்றுவது என்ற எண்ணத்தை எனக்குள் கலைத்தது வேறோர் அனுபவம். ஜெல் தயாரிப்பில் கார்போமர் என்ற வெள்ளைப் பொடி பயன்படும். அதைத் தண்ணீரில் மெல்ல மெல்லத் தூவிக் கலக்க வேண்டும். அவசரமாகக் கொட்டினால் ஒவ்வொரு குவியலும் வெளியே வழவழப்பாகவும் உள்ளே உலர்ந்த பொடியாகவும் கண்ணாடிக் கட்டிகளாகத் திரண்டுவிடும். பிறகு காரம் சேர்த்துக் கெட்டிப்படுத்தினால் அந்தக் கட்டிகள் நிரந்தரமாக நின்றுவிடும். புதிதாக வந்தவர்கள் செயல்முறை ஏட்டில் குறித்த நிமிடக் கணக்கின்படியே செய்தும் கட்டிகள் வந்துகொண்டிருந்தன. ஒரு மூத்த ஆபரேட்டர் செய்தால் மட்டும் வருவதில்லை. அவர் அருகில் இரண்டு நாள் நின்றேன். அவர் கடிகாரத்தைப் பார்க்கவேயில்லை. கலனின் நடுவே தண்ணீர் சுழன்று உண்டாகும் குழியின் சரிவில் மட்டும் பொடியை விழச் செய்தார். குழி ஆழம் குறைந்தால் கையை நிறுத்தினார். மோட்டாரின் சத்தம் கனத்துத் தாழ்ந்ததும் வேகத்தைக் கூட்டினார். "சத்தம் மாறுதுல்ல, அப்பவே தண்ணி பொடியைப் பிடிச்சுருச்சுன்னு அர்த்தம்" என்றார்.

அதை ஏட்டில் எப்படி எழுதுவது? மோட்டார் இழுக்கும் மின்னோட்டத்தைக் காட்டும் அளவி ஒன்று பலகையிலேயே இருந்தது. யாரும் அதைப் பார்ப்பதில்லை. அவர் கலக்கும்போது அந்த அளவியின் எண்களைக் குறித்துக்கொண்டோம். அவர் காதுக்குத் தெரிந்த மாற்றம் எண்ணாகவும் அங்கே இருந்தது. அவர் கைகளையே காணொளியாக எடுத்து, அவர் சொற்களையே அதில் சேர்த்து, கலனுக்குப் பக்கத்தில் ஒரு டேப்லெட்டில் வைத்தோம். நிறுவனத்துக்குள் பயிற்சியைத் திட்டமிடுவோர் யாராக இருந்தாலும் நான் முதலில் சொல்வது இதைத்தான்: வெளியிலிருந்து பாடத்தை வாங்குமுன், இந்த வேலையை இங்கே யார் நன்றாகச் செய்கிறார் என்று பார்த்து, அவர் அருகில் போய் நில்லுங்கள். அவரால் தாமாக விளக்கிச் சொல்ல முடியாமல் போகலாம். பார்த்து எடுத்து எழுதுவது நம் வேலை.

வேலையே மாறும்போது இது இன்னும் கடினம். எங்கள் வண்ணப் பிரிவில் ஓர் அக்கா இருந்தார். லிப்ஸ்டிக்கின் ஒவ்வொரு பேட்சையும் மூல மாதிரியோடு ஒப்பிட்டு, சிவப்பு கொஞ்சம், மஞ்சள் கொஞ்சம் என்று நிறமிகளைச் சேர்த்துப் பொருத்துவது அவர் வேலை. இருபது ஆண்டுகளுக்கு மேலாகக் கண்ணாலேயே செய்துவந்தார். நிர்வாகம் ஸ்பெக்ட்ரோபோட்டோமீட்டர் வாங்கியது. நிறத்தை மூன்று எண்களாகச் சொல்லும் கருவி அது: வெளிச்சம் எவ்வளவு, சிவப்புக்கும் பச்சைக்கும் இடையே எங்கே, மஞ்சளுக்கும் நீலத்துக்கும் இடையே எங்கே என்று. 1976-இல் வகுக்கப்பட்ட இந்த அளவுமுறையில் இரண்டு மாதிரிகளுக்கு இடைப்பட்ட வேறுபாட்டை ஒற்றை எண்ணாகவும் சொல்லலாம். விற்றவர்கள் வந்து இரண்டு நாள் பயிற்சி கொடுத்தார்கள். அக்கா பின்வரிசையில் கைகட்டி உட்கார்ந்திருந்தார். அதற்குப் பின் பல வாரங்கள் அவர் அந்தக் கருவியைத் தொடவில்லை. இளையவர் ஒருவர் அளந்து எண்ணைச் சொல்வார். அக்கா கேட்டுக்கொண்டு தன் கண்ணையே நம்புவார். அவருக்குக் கற்கும் மனமில்லை என்று கூட்டத்தில் பேச்சு எழுந்தது.

எனக்கு அது அச்சம் என்று தோன்றியது, நியாயமான அச்சமும்கூட. இருபது ஆண்டுகளாகத் தன்னிடம் மட்டுமே இருந்த ஒன்றை ஒரு பெட்டி செய்துவிடும் என்று ஊர்கூட்டிச் சொல்லிவிட்டு, அந்தப் பெட்டியை இயக்கக் கற்றுக்கொள் என்றால் யார்தான் முன்வருவார்? ஒருநாள் பழைய மாதிரிகள் இருந்த பெட்டியை அவர் மேசைக்குக் கொண்டுபோய், அவர் முன்பு நிராகரித்தவற்றை எடுத்துக் கொடுக்கச் சொன்னேன். ஒவ்வொன்றையும் ஏன் நிராகரித்தார் என்று கேட்டு எழுதிக்கொண்டு, பிறகு அளந்தோம். "இதுல நீலம் தட்டுது" என்று அவர் சொன்னதில் மஞ்சள்–நீலத்துக்கான எண் நீலப் பக்கம் சாய்ந்திருந்தது. "இது செத்த நிறம்" என்றதில் நிறச்செறிவு குறைந்திருந்தது. பதினைந்தாவது மாதிரியில் அவரே கருவியை எடுத்தார். எண் எவ்வளவு வரும் என்று முன்கூட்டியே சொல்லிப் பார்க்கத் தொடங்கினார்.

அடுத்து நடந்ததை நான் எதிர்பார்க்கவில்லை. மின்னும் மைக்கா நிறமிகள் சேர்ந்த லிப்ஸ்டிக் ஒன்றில், கருவி இரண்டு மாதிரிகளும் ஒன்றே என்றது. அக்கா இல்லை என்றார். அவர் சொன்னதே சரி. அத்தகைய நிறமிகள் பார்க்கும் கோணத்துக்கு ஏற்ப வேறுவிதமாகத் தெரியும். எங்கள் கருவி ஒரே அமைப்பில் மட்டுமே ஒளியைப் படிப்பது. அதேபோல், ஒரு விளக்கின் கீழ் ஒன்றாகத் தெரியும் இரண்டு நிறங்கள் பகல் வெளிச்சத்தில் பிரிந்து தெரிவதும் உண்டு. அதை அவர் ஜன்னலோரம் கொண்டுபோய்ப் பார்த்தே பழகியிருந்தார். எந்த வகைப் பொருளில் எண்ணே முடிவு சொல்லலாம், எதில் கண்ணும் சேர வேண்டும், எந்தெந்த வெளிச்சங்களில் பார்க்க வேண்டும் என்ற விதிகளை எழுதும் பொறுப்பை அவரிடமே கொடுத்தோம். இன்று புதிதாகச் சேர்பவர்களுக்குக் கருவியைக் கற்றுக்கொடுப்பவர் அவர்தான். பழைய திறனை அழித்துவிட்டுப் புதியதை எழுத முயன்ற இரண்டு மாதங்கள் எங்களுக்கு வீணாயின. பழையதை வாசலாகக் கொண்டு உள்ளே போனபோது இரண்டே வாரங்கள் போதுமானவையாக இருந்தன.

தேர்வுகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். பள்ளியை விட்டுப் பல ஆண்டுகள் ஆனவர்களுக்கு வினாத்தாள் என்பதே நடுக்கத்தைத் தருகிறது. மூடியின் இறுக்கத்தை விரலால் தொட்டே ஏறக்குறையச் சரியாகச் சொல்லக்கூடிய ஒருவர், அதைப் பற்றிய எழுத்துத் தேர்வில் இரண்டு முறை தோற்றார். ஆங்கிலத்தில் இருந்த செயல்முறை ஏடுகளை ஊழியர்கள் வீட்டில் பேசும் மொழிக்கு மாற்றினோம். மாற்றிய பின்பும் அவரால் எழுத இயலவில்லை. அப்போதுதான் செய்துகாட்டும் தேர்வுக்கு மாறினோம். இயந்திரத்தின் முன் நிற்பார். ஒரு குறையை நாங்களே வேண்டுமென்று உண்டாக்கியிருப்போம். அவர் கண்டுபிடித்துச் சரிசெய்து, ஏன் அப்படிச் செய்தார் என்று வாயால் சொல்ல வேண்டும். அந்த 'ஏன்' என்ற கேள்விக்கு விடை வராவிட்டால், கை சரியாகச் செய்திருந்தாலும் பதிவேட்டில் கையெழுத்து விழாது. ஆறு வாரம் கழித்து, முன்னறிவிப்பின்றி, வேலை நடக்கும்போதே ஒருமுறை பார்ப்போம். பயிற்சியின் பயனை நான்கு படிகளில் பார்க்கச் சொன்னார் அமெரிக்கப் பேராசிரியர் டொனால்டு கிர்க்பாட்ரிக்: பிடித்திருந்ததா, கற்றார்களா, வேலையில் நடத்தை மாறியதா, விளைவு மாறியதா. 1959-இல் அவர் எழுதத் தொடங்கிய இந்த வகைப்பாட்டில் நாங்கள் முதல் படியிலேயே ஆண்டுக்கணக்கில் நின்றிருந்தோம். பயிற்சி முடிந்ததும் கருத்துப் படிவம் வாங்கி, நன்று என்று எண்ணிக்கொண்டு போய்விடுவோம்.

நிரப்புப் பிரிவில் நான் செய்த தவறு இன்னும் உறுத்துகிறது. கையால் நிரப்பி, கையால் லேபிள் ஒட்டிவந்த வரிசைக்குத் தானியங்கி இயந்திரம் வந்தது. இருந்தவர்களையே இயந்திர ஆபரேட்டர்களாக மாற்றுவது என்று முடிவானது. அந்த முடிவு சரியானது, அதற்காக நானும் வாதாடினேன். ஆனால் பயிற்சி வகுப்பை ஷிப்ட் முடிந்தபின் வைத்தோம். எட்டு மணி நேரம் நின்று வேலை செய்தவர்கள், வீட்டில் குழந்தையோ நோயாளியோ காத்திருப்பவர்கள், அந்த வகுப்பில் எவ்வளவு நேரம் இருக்க முடியும்? மூன்றாம் வாரத்தில் பாதிப் பேர் வருவதை நிறுத்தினார்கள். ஆர்வமில்லாதவர்கள் என்று பெயர் எழுதப்பட்டது. அந்தப் பெயர்களில் பெரும்பாலானவை பெண்களுடையவை. பிறகுதான் வகுப்பை ஷிப்டின் முதல் முப்பது நிமிடத்துக்கு, ஊதியம் உள்ள நேரத்துக்கு மாற்றினோம். அதற்காக உற்பத்தித் திட்டத்தில் அந்த அரைமணி நேரத்தை எழுத்தில் கழிக்க வேண்டியிருந்தது. அந்தக் கழித்தலுக்கு ஒப்புதல் வாங்கப் பட்ட பாட்டில் பாதிகூட பாடத்திட்டம் எழுதுவதில் படவில்லை. வராமல் நின்றவர்கள் திரும்ப வந்தார்கள். எல்லோரும் வரவில்லை.

ஊதியமும் அப்படித்தான். நிரப்பும் எடையைச் சரிபார்த்தல், மூடியின் முறுக்குவிசையை அளத்தல், ஓர் அளவு புட்டியிலிருந்து மற்றோர் அளவுக்கு இயந்திரத்தை மாற்றியமைத்தல் ஆகியவற்றைக் கற்றவர்கள் பழைய ஊதியத்திலேயே ஓராண்டு இருந்தார்கள். அவர்களில் சிலர் வேறு நிறுவனங்களுக்குப் போனார்கள். பயிற்சி கொடுத்தால் போய்விடுகிறார்கள் என்று மேலே இருந்து குரல் வந்தது. பயிற்சி கொடுத்துவிட்டு, அதைக் காணாததுபோல் இருந்தால் போய்விடுகிறார்கள் என்பதே என் கணிப்பு. படிநிலைகளை வகுத்து, ஒவ்வொரு படிக்கும் ஊதிய உயர்வு இவ்வளவு என்று அறிவித்த பின்பு நிலைமை மாறியது. கூடவே, யாருக்கு எந்த வேலை தெரியும் என்று காட்டும் திறன் அட்டவணையைச் சுவரில் ஒட்டியிருந்தோம். அதைச் சிலர் மற்றவரைக் குத்திக்காட்டப் பயன்படுத்தியதால், பெயர்களை எடுத்துவிட்டு, பிரிவில் எந்த வேலைக்கு எத்தனை பேர் தேறியுள்ளனர் என்பதை மட்டும் காட்டுகிறோம். தனிப்பட்ட நிலையைச் சூப்பர்வைசர் நேரில் உட்கார்ந்து பேசுவார்.

தொழிலாளர்களுக்கு மட்டுமே பயிற்சி தேவை என்று இதுவரை படித்தவர்கள் எண்ணிவிடக் கூடாது. பட்டம் பெற்ற வேதியியலாளர்களே பல சமயம் கற்க மறுப்பவர்கள். எங்கள் ஆய்வுப் பிரிவில், வாங்குவோர் விரும்பவில்லை என்பதற்காகப் பாராபென் என்ற கிருமித் தடுப்புப் பொருள்களை நீக்கிவிட்டு, அவற்றுக்குப் பதிலாகச் சோடியம் பென்சோயேட்டைச் சேர்த்து ஒரு லோஷனை உருவாக்கினார்கள். அதன் பிஎச், அதாவது அமில-கார அளவு, 6.5. சோடியம் பென்சோயேட் தரும் பென்சோயிக் அமிலம் அயனிகளாகப் பிரியாத வடிவில் இருக்கும்போதுதான் கிருமியின் செல்சவ்வைக் கடந்து உள்ளே புகும். அதில் சரிபாதி பிரிந்து நிற்கும் பிஎச் அளவாகிய பிகேஏ 4.2 என்பதால் 6.5-இல் அந்த வடிவம் நூற்றில் ஒரு பங்குகூட மிஞ்சாது. கிருமிகளை வேண்டுமென்றே செலுத்திப் பாதுகாப்பின் வலிமையைப் பார்க்கும் ஐ.எஸ்.ஓ. 11930 சோதனையில் அந்த லோஷன் தோற்றது. கல்லூரியில் அனைவரும் படித்த பாடம்தான், பயன்படுத்தாமல் துருப்பிடித்திருந்தது. விதிகளும் ஓடிக்கொண்டே இருக்கின்றன. லில்லி ஆஃப் த வேலி மலரை நினைவூட்டும் லிலியால் என்ற வாசனைப் பொருள் ஐரோப்பிய ஒன்றியத்தில் 2022 மார்ச் 1 முதல் தடை செய்யப்பட்டது. லேபிளில் தனித்தனியே பெயர் சொல்ல வேண்டிய வாசனை ஒவ்வாமைப் பொருள்களின் பட்டியல் இருபத்துச் சொச்சத்திலிருந்து எண்பதுக்கும் மேலாக 2023-இல் நீட்டப்பட்டது. மாதம் ஒருமுறை, மாறிய ஒரு விதியை எடுத்து, அது எங்கள் எந்தெந்தப் பொருளைத் தொடுகிறது என்று அவர்களே கண்டுபிடித்துச் சொல்ல வேண்டும் என்று வைத்திருக்கிறோம். விதியைப் படித்துக்காட்டும் கூட்டத்தில் தூங்கியவர்கள் இதில் தூங்குவதில்லை.

வாடிக்கையாளர் அழைப்புகளை எடுப்போருக்கும் இது பொருந்தும். அமெரிக்காவில் 2022 இறுதியில் வந்த அழகுசாதன ஒழுங்குமுறை நவீனமாக்கல் சட்டத்தின்படி, கடுமையான பாதிப்பு பற்றிய தகவல் கிடைத்தால் 15 வேலை நாள்களுக்குள் அரசுக்கு அறிவிக்க வேண்டும். எங்கள் பயிற்சியில் பழைய அழைப்புப் பதிவுகளைக் கேட்கவைத்தோம். "முடி கொத்துக் கொத்தா வருது" என்று ஒருவர் சொன்னதை 'பொருள் ஒத்துக்கொள்ளவில்லை' என்று எழுதி, பணத்தைத் திருப்பித் தந்து முடித்திருந்தார்கள். குறிப்பிடத்தக்க அளவு முடி உதிர்வது அந்தச் சட்டம் கடுமையானவை என்று எண்ணுபவற்றுள் ஒன்று. அழைப்பை எடுத்தவரின் பணிவில் குறையில்லை; எந்தச் சொல்லைக் கேட்டதும் காதைத் தீட்டிக்கொள்ள வேண்டும் என்று அவருக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை.

இன்னும் தீராத சிக்கல் ஒன்று உண்டு. பருவ காலத் தேவைக்காக ஒப்பந்த ஊழியர்கள் வருகிறார்கள். சில மாதங்களில் போய்விடுகிறார்கள். ஆண்டு முழுவதற்கும் வகுத்த பயிற்சி அவர்களுக்கு ஒத்துவராது. முன்பு முதல் நாளிலேயே எல்லாவற்றையும் சொல்லிக் கையெழுத்து வாங்கினோம். இப்போது முதல் நாளில் மூன்றே மூன்று செய்திகள்: கை, தண்ணீர், சந்தேகம் வந்தால் வரிசையை நிறுத்த உனக்கு உரிமை உண்டு என்பது. மற்றவை வேலை வரும்போது, அந்த வேலைக்கு முன்பாக.

கலவைப் பிரிவுக்கு வரும் ஒப்பந்த ஊழியர்களுக்கு அந்த முதல் நாள் பாடத்தை நடத்துபவர் ஹோஸ் குழாயைக் கழுவிய அதே ஆபரேட்டர். குழாய்கள் இப்போது சுவரில் உயரமான கொக்கிகளில், இரு முனைகளும் தரையை நோக்கித் தொங்குகின்றன. அவர் ஒன்றைக் கழற்றிக் கொண்டுவந்து, கழுவி, வேண்டுமென்றே சுருட்டித் தரையில் வைப்பார். புதியவரிடம் பத்து நிமிடம் வேறு எதையாவது பேசிக்கொண்டிருப்பார். பிறகு அவரையே அதைத் தூக்கிச் சாய்க்கச் சொல்வார். தண்ணீர் வழியும்போது, இதில் என்ன வளரும், எழுபதை ஊற்றலாமா தொண்ணூற்றொன்பதையா, ஏன் என்று கேட்பார். விடை வரும்வரை கேட்டுக்கொண்டே இருப்பார். வந்த பிறகுதான் பதிவேட்டை எடுப்பார்.